பஸ் காசில்லாத விசாரணை

கேள்வி: லஞ்சம் வாங்கிப் பிடிபட்ட அரசு ஊழியருக்குக் குறிப்பாணை, விளக்கம், விசாரணை என்று ஏன் இத்தனை மரியாதை? அன்றே வீட்டுக்கு அனுப்பினால் என்ன?

பதில்: அனுப்பலாம். விசாரிக்காமல் அனுப்பினால், அந்த ஓட்டை வழியாகவே கோர்ட்டுக்குப் போய், சம்பளப் பாக்கியோடு அதே நாற்காலியில் வந்து உட்காருவார்! அரசியல் சட்டத்தின் 311-வது பிரிவு கேட்பது ரொம்பக் கொஞ்சம்: குற்றச்சாட்டைச் சொல், அவர் பதிலையும் கேள், பிறகு தண்டி. பொதுத்துறை நிறுவன ஊழியருக்கு அந்தப் பிரிவு பொருந்தாது. ஆனாலும், தண்டிக்கும் முன் அவர் பக்கத்தையும் கேள் என்கிற இயற்கை நீதி அவருக்கும் உண்டு.

விசாரணை என்ற பெயர் மட்டும் இருந்தாலும் போதாது. 1985-ல் பாரத் தங்கச் சுரங்க நிறுவனம் தன் பாதுகாப்பு அதிகாரி ஒருவரைச் சஸ்பெண்ட் செய்தது. சஸ்பெண்ட் காலத்தில் தர வேண்டிய பிழைப்பூதியம் தரவில்லை. கேரளத்தில் இருந்தவர், உடம்பும் சரியில்லை, விசாரணை நடக்கும் கோலாருக்கு வரப் பணமும் இல்லை என்றார். அவர் இல்லாமலே விசாரணையை முடித்து வேலையைப் பறித்தார்கள். கையைக் கட்டிப்போட்டுவிட்டு, சாப்பிடவில்லையே என்று இலையை எடுப்பதா? அதே குற்றச்சாட்டில் நடந்த கிரிமினல் வழக்கிலோ அவர் விடுதலையானார். அந்தப் பணிநீக்கம் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னபோது வருடம் 1999.