சமக்குறியைக் கடக்கும் எக்ஸின் குறிமாற்றம்: ஓர் ஆய்வு முன்னுரை

மாறி ஒரே பக்கம் நிற்கும் சமன்பாடுகளை இவ்வாய்வு தொடாது. அவற்றில் ஏற்கெனவே பலர் முனைவராகிவிட்டனர்.

எடுத்துக்கொண்ட மூலம் இரண்டாம் பாஸ்கரரின் பீஜகணிதம் (1150) தரும் கணக்கு. ஒருவனிடம் ஆறு குதிரைகளும் 300 காசும் உள்ளன. இன்னொருவனிடம் பத்துக் குதிரைகள், 100 காசு கடன். இருவர் சொத்தும் சமம் என்றால் குதிரை என்ன விலை? அதாவது, 6எக்ஸ் + 300 = 10எக்ஸ் − 100. கடனை வைத்துக்கொண்டு பத்துக் குதிரைகளுக்கு அவன் எப்படிக் கொள்ளு வாங்கினான் என்பது தனி ஆய்வுக்குரியது, நிதி கேட்டிருக்கிறோம்.

மாறிகள் இருவகைப்படும்: இடப்பக்க மாறி, வலப்பக்க மாறி. இரண்டும் ஒன்றே.

இனி ஆய்வின் உயிர்நிலைக்கு வருவோம். ‘அந்தப் பக்கம் போனா பிளஸ் மைனஸாயிடும்’ என்பது கரும்பலகை மரபினர் வாக்கு. போனால் மாறும், சரி. எந்த இடத்தில் மாறும்? புறப்படும்போதே மாறும் என்பர் ஒரு சாரார். போய் இறங்கிய பின்னரே என்பர் மற்றொரு சாரார். இரண்டும் பொருந்தா. சமக்குறி என்பது 1557இல் ராபர்ட் ரெக்கார்டு அச்சில் ஏற்றிய இரு இணைகோடுகள். அவற்றின் நடுவே சந்து ஒன்று உண்டு. 6எக்ஸ் அங்கேதான் உடை மாற்றுகிறது என்பது எம் துணிபு.

சான்று: எட்டாம் வகுப்பு ரஃப் நோட்டு, பின்னட்டை உட்புறம், ராஜா ராணி ஆட்டக் கணக்கின் கீழ், எண்ணெய்க் கறைக்கு வடமேற்கே. இதன் மழையில் நனைந்த படியில் ‘மைனஸ்’ என்பதற்கு ‘மினஸ்’ எனப் பாடபேதம் உண்டு. இரண்டிலும் விடை தவறு. அதுவும் ஒரே தவறு. ஆகவே இரண்டுக்கும் மூலமாகிய முன்பெஞ்சுப் படி ஒன்று இருந்து மறைந்திருக்க வேண்டும்.

களச் சான்றும் உண்டு. நாற்காலியில் இருந்தவரை ஒரு நூலைக் கிழித்துக்கொண்டிருந்த பேராசிரியர், தலைமையுரைக்கு அழைத்ததும் அதே நூலை மைல்கல் என்றார். மேடையின் எந்தப் படியில் குறி மாறிற்று என்பதைக் கண்டவர் இலர்.

மாணவி ஒருத்தி மறுத்தாள்: “எதுவும் எங்கயும் போகல சார். ரெண்டு பக்கமும் 6எக்ஸைக் கழிச்சா 300 = 4எக்ஸ் − 100. ரெண்டு பக்கமும் 100 கூட்டுனா 400 = 4எக்ஸ். குதிரை 100 காசு.” பிரம்மகுப்தரும் 628இலேயே, எண்களின் வேறுபாட்டை மாறிகளின் கெழு வேறுபாட்டால் வகு என்று சொல்லி முடித்துவிட்டார். இவ்வளவு சுருக்கமாக முடிவதால் இவ்விரண்டையும் ஆய்வாகக் கொள்வதற்கில்லை.

எக்ஸ் இருபுறமும் அடிபட்டு 5 = 7 என்று வந்து நிற்கும் சமன்பாடுகளுக்குத் தீர்வே கிடையாது. ஆராய்ச்சிக்கு ஏற்றவை அவையே.

விடையைச் சரிபார்த்தோம். 100ஐப் பதிலிட, இரு பக்கமும் 900 வருகிறது. இது தற்செயலா என்பது இரண்டாம் தொகுதியில் ஆராயப்படும்.