திருவேற்காட்டை ஏன் விட்டுவைத்தீர்கள்?

வனத்துறையிடம் அம்பத்தூர்க்காரனாகிய எனக்கு ஒரு மனக்குறை உண்டு. திருவேற்காடு உங்கள் கண்ணில் படவே இல்லையே! ஊர்ப் பெயரிலேயே காடு இருக்கிறது. பக்கத்தில் திருமுல்லைவாயில். தொண்டைமானின் யானையை முல்லைக்கொடி சுற்றி மடக்கிய ஊர் என்று தலபுராணமே சொல்கிறது. யானை வழித்தடத்துக்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்? ஆவடி வரைக்கும் கல் நட்டு, காடு என்று ஒரு பலகை மாட்டிவிட்டுப் போக வேண்டியதுதானே?

மாட்டமாட்டீர்கள். இங்கே சென்ட் விலை அப்படி. பலகை எல்லாம் கூடலூருக்குத்தான்.

நீலகிரியில் இருக்கும் அந்தத் தாலுகாவில் சுமார் 80,000 ஏக்கர் ஒரு காலத்தில் நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தின் ஜென்ம நிலம், அதாவது பரம்பரைச் சொத்து. ஜென்மி முறையை ஒழித்து, உழுகிறவனுக்கு ரயத்துவாரி பட்டா கொடுக்க 1969-இல் சட்டம் வந்தது. எஸ்டேட்டுகள் கோர்ட்டுக்குப் போயின. காடுகளை அரசு எடுத்துக்கொள்ளும் பகுதியை 1972-இல் உச்ச நீதிமன்றம் அடித்தது. 1974-இல் சட்டத்தை அரசியல் சாசனத்தின் ஒன்பதாவது அட்டவணைக்குள் பத்திரமாக வைத்தார்கள். அப்படி வைத்தது சரியா என்று கிளம்பிய வழக்கு ஒன்பது நீதிபதிகள் அமர்வு வரை போய், 2007-இல் கோயல்ஹோ தீர்ப்பாக முடிந்தது. இடையில் 1995-இல், கோவிலகத்தைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு கூடலூர்க் காடுகள் வெட்டப்படுவதாக வழக்குப் போட்டார். அவர் சொன்னதில் பொய் இல்லை. மரம் லாரி லாரியாகத்தான் இறங்கிக்கொண்டிருந்தது. 1996 டிசம்பர் 12 அன்று வந்த உத்தரவு, அகராதி எதைக் காடு என்கிறதோ அது காடு, அரசுப் பதிவேட்டில் காடு என்று இருந்தால் நிலம் யாருடையதானாலும் அதுவும் காடு என்றது. இந்தியாவில் இன்றைக்கும் நிற்கிற பல காடுகள் அந்த உத்தரவால் பிழைத்தவை. அதை நான் மறுக்கவில்லை.

ஆக, சட்டக் கல்லூரிகளில் பாடமாக நடத்தும் இரண்டு தீர்ப்புகளை நாட்டுக்குக் கொடுத்த தாலுகா அது. அங்கே இருக்கிறவனுக்குக் கிடைக்காதது பட்டா மட்டும்தான்.

பதினேழாம் பிரிவு நிலம், அதாவது 1969 சட்டத்தின் அந்தப் பிரிவில் முடிவாகாமல் கிடக்கும் குத்தகைத் தோட்டம், என்று சொன்னாலே கூடலூரின் ஓவேலிப் பக்கம் முகம் சுருங்கும். அரை ஏக்கர் தேயிலை வைத்திருப்பவர் மின் இணைப்பு கேட்டால் வனத்துறையின் தடையில்லாச் சான்று எங்கே என்பார்கள். கூரைமேல் சாய்ந்த மரத்தை வெட்டவேண்டும் என்றால் 1949-ஆம் ஆண்டுத் தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டம் குறுக்கே வரும்; கலெக்டர் தலைமையிலான குழு கூடி அனுமதிக்க வேண்டும். குழு கூடுவதற்குள் மரமே ஒரு முடிவுக்கு வந்து விழுந்துவிடும். பிள்ளைகள் மண்ணெண்ணெய் விளக்கில் படித்த கதையைத் தாத்தாவும் சொல்வார், பேரனும் சொல்வான்.

அதே நீலகிரியில், 1968-இல் இலங்கையிலிருந்து திரும்பிய தமிழர்களுக்கு வேலை கொடுக்க, வனத்துறையே காட்டு நிலத்தில் தேயிலை நட்டது. பின்னாளில் அது டான்டீ என்ற அரசுத் தேயிலை நிறுவனம் ஆனது. நல்ல காரியம்தான். ஆனால் அரசு நட்டால் மறுவாழ்வு, குடியானவன் நட்டால் ஆக்கிரமிப்பு என்று அந்தத் தேயிலைச் செடிக்கு யார் சொல்லிக்கொடுத்தது?

இந்தப் பக்கம் வாருங்கள். பூந்தமல்லியிலிருந்து ஆவடி வரை நன்செய் எல்லாம் மனையாகிவிட்டது. வரத்துக் கால்வாய் சாலைக்கு அடியில் எங்கோ போய்விட்டது. ஏரி உள்வாயில் கட்டிய மாடிக்குப் பத்திரம், மின் இணைப்பு, சொத்து வரி ரசீது எல்லாம் வரிசையாக வந்தன. 2015-லும் 2023-லும் வெள்ளம் வந்தபோது தண்ணீர் மட்டும் பழைய பதிவேட்டைப் பார்த்துச் சரியான முகவரிக்கு வந்தது. நம் ஆட்களுக்குத்தான் அந்தப் பதிவேடு கிடைக்கவில்லை. கூடலூர்ப் பதிவேட்டில் ‘காடு’ என்ற ஒரு சொல்லை மட்டும் பூதக்கண்ணாடி வைத்துப் படிக்கத் தெரிகிறது.

வருவாய்த் துறை அமைச்சரும் வனத்துறை அமைச்சரும் ஒரே கோட்டையில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள். 1969-ஆம் ஆண்டுச் சட்டம் சொன்ன நிலவரித் திட்ட வேலையை முடியுங்கள். சர்வேயரை அனுப்பி, எது காடு, எது தோட்டம், எது வீடு என்று நேரில் அளந்து எழுதுங்கள். குத்தகை முடிந்தும் நூற்றுக்கணக்கான ஏக்கரை விடாமல் வைத்திருக்கும் எஸ்டேட்டில் முதல் கல்லை நடுங்கள். அரை ஏக்கர்க்காரனுக்குப் பட்டாவைக் கொடுங்கள். இல்லை, முடியாது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள்.