கரையில் நின்றவளே குற்றவாளி

தகழி சிவசங்கரப் பிள்ளை 1956இல் எழுதிய 'செம்மீன்' நாவலைப் பொலிஸ் பயிற்சிக் கல்லூரிகளில் பாடமாக வைக்கலாம். கடலுக்குப் போனவன் திரும்பவில்லையா? கரையில் நிற்கும் மனைவியின் கற்பை விசாரி. வழக்கு முடிந்தது. மீனவன் பழனி சுறாவோடு சுழியில் போனதற்கு அவன் மனைவி கருத்தம்மாவின் பழைய காதலே காரணம். காற்றையும் நீரோட்டத்தையும் சாட்சிக்கு அழைக்க வேண்டியதில்லை. அழகான காதல் கதைதான், மறுக்கவில்லை. சுந்தர ராமசாமியின் தமிழில் படித்து நாங்களும் அழுதோம். அழுத கண்ணைத் துடைத்துவிட்டு, அதே தீர்ப்பைப் பக்கத்து வளவுக்காரிக்கும் எழுதினோம்.

இந்தச் சட்டத்தை மட்டக்களப்பு வாவிக்கரையில் நடத்திப் பாருங்கள். 1987 ஜனவரி 28, கொக்கட்டிச்சோலைப் பக்கம் றால் பண்ணைக்கு வேலைக்குப் போனவர்களை விசேட அதிரடிப்படை சுட்டுக் கொன்றது. அன்று எவள் எவனைப் பார்த்துச் சிரித்தாளாம்? 1990 செப்டம்பர் 5, வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழக அகதி முகாமிலிருந்து 158 பேரை இராணுவம் ஏற்றிக்கொண்டு போனது. ஒருவரும் திரும்பவில்லை. 158 வீட்டிலும் கள்ளக்காதலா? 2004இல் சுனாமியாகக் கடலம்மாவே நேரில் வந்தாள். கைக்குழந்தைகளை அள்ளிக்கொண்டு போனாள். பால்குடி மறவாத பிள்ளை செய்த நடத்தைப் பிழை என்னவோ!

எங்கள் ஊர்களில் வைகாசி பிறந்தால் கண்ணகி கோயில் கதவு திறக்கும். அவளும் கற்புக்காரிதான். ஆனால் புருஷன் செத்ததற்குத் தன்னிடம் குற்றம் தேடிக்கொண்டு மூலையில் குந்தியிருக்கவில்லை. கொன்ற அரசனின் சபைக்கே போனாள். அந்தக் கற்பு மதுரையை எரித்தது, அவளை அல்ல. அவளுக்கு நாங்கள் செய்வது குளிர்த்தி. கோபம் ஆறட்டும் தாயே என்று ஊரே கூடிப் பாடுகிறோம். கும்பிட்டுவிட்டுத் திரும்பும் வழியில், காணாமல் ஆக்கப்பட்ட மகனின் படத்தை நெஞ்சில் பிடித்தபடி தெருவோரம் இருக்கும் தாயைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறோம்.

அரசாங்கமும் 2022இல் தன் பங்குக்கு ஒரு குளிர்த்தி செய்தது: காணாமல் ஆக்கப்பட்டவரின் குடும்பத்துக்கு ஒரு லட்சம் ரூபாய், ஒரே தடவை. வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகட்டுமாம். காசு வேண்டாம், ஆளைக் காட்டு என்றாள் ஒருத்தி. சந்திக் கடையில் உடனே அடுத்த நாவல் தொடங்கிவிட்டது: "புருஷன் இல்லாதவளுக்கு இவ்வளவு துணிவு எங்கால வந்தது? பின்னால எவனோ இருக்கிறான்."