நீலகிரியில் சத்தே: ஓர் இழப்பீட்டு ஆய்வு

நீலகிரிக்கும் ஜாவாவுக்கும் இடையே ஒரு பழைய கணக்கு தீராமல் கிடக்கிறது. 1860களின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் அரசுக்காகக் கிளெமென்ட்ஸ் மார்க்கம் தென் அமெரிக்காவிலிருந்து சின்கோனாவைக் கொண்டுவந்தார். ஊட்டி தாவரவியல் பூங்காவை உருவாக்கிய மெக்ஐவர் அதைத் தொட்டபெட்டாவிலும் நடுவட்டத்திலும் நட்டு வளர்த்தார். மலேரியாவுக்கு மருந்தான கொய்னா அந்த மரத்தின் பட்டையில் இருக்கிறது. 1865இல் சார்லஸ் லெட்ஜர் என்ற வியாபாரியிடமிருந்து, கொய்னாச் சத்து மிகுந்த வேறொரு வகையின் விதை லண்டனுக்கு விலைக்கு வந்தது. பிரிட்டிஷ் அரசு வேண்டாமென்றது. டச்சுக்காரர்கள் வாங்கி ஜாவாவில் விதைத்தார்கள். பிறகு உலகக் கொய்னாச் சந்தையே ஜாவாவின் மடியில் விழுந்தது.

இதற்கு ஈடாக நீலகிரிக்கு இன்றுவரை ஒரு சல்லி வந்ததில்லை. ஆகவே ஜாவாவின் சத்தேயை வட்டியாக எடுத்துக்கொள்வது நியாயமே என்பது இவ்வாய்வின் முதல் கருதுகோள். அதைச் சுடுவதற்கு ஊட்டியைவிடப் பொருத்தமான ஊர் தமிழ்நாட்டில் இல்லை என்பது இரண்டாவது. முதலாவதை நிறுவச் சர்வதேச நீதிமன்றம் வேண்டும். இரண்டாவதற்கு அரை கிலோ கோழி போதும்.

சத்தே என்பது குச்சியில் கோத்துக் கரியில் சுட்ட சின்னச் சின்ன இறைச்சித் துண்டு. ஜாவாவை ஒட்டிய மதுராத் தீவுக்காரர்கள் இதைத் தள்ளுவண்டியில் இந்தோனேசியா முழுவதும் கொண்டுபோனவர்கள். அதன் உயிர் கெச்சாப் மானிஸ் என்னும் இனிப்பு சோயா சாஸில் இருக்கிறது. சீனர்கள் கொண்டுவந்த சோயா சாஸில் ஜாவாக்காரர்கள் பனைவகை வெல்லத்தைக் கரைத்துப் பாகாக்கியதன் விளைவு அது.

சோயா சாஸ் நீலகிரிக்குள் எப்போது நுழைந்தது? இங்கே ஆய்வு ஒரு முட்டுச்சந்தில் நிற்கிறது. நடுவட்டம் சின்கோனாத் தோட்டத்தில் சீனக் கைதிகள் வேலை பார்த்தார்கள். தண்டனை முடிந்த சிலர் தமிழ்ப் பெண்களை மணந்து அந்தப் பக்கத்திலேயே குடியமர்ந்தார்கள். அவர்களைப் பற்றி எழுதிய மானிடவியலாளர் எட்கர் தர்ஸ்டன், காய்கறி போட்டதையும் மாடு வளர்த்ததையும் குறித்தார். வழக்கப்படி தலையையும் மூக்கையும் அளந்தார். அடுப்பில் இருந்த சட்டியை மட்டும் திறந்து பார்க்கவில்லை. மானிடவியலுக்கு மூக்கு முக்கியம். சமையலியலுக்கு அது மோப்பம் பிடிக்கவும் தெரிந்திருக்க வேண்டும்.

இன்று அந்தச் சிக்கல் இல்லை. கோபி மஞ்சூரியன் புண்ணியத்தில் சோயா சாஸ் எல்லா மளிகைக் கடையிலும் இருக்கிறது. வெல்லத்துக்கு உடன்குடிக் கருப்பட்டி. ஒரு கப் சாஸுக்கு 200 கிராம் கருப்பட்டி, ஒரு அன்னாசிப்பூ, தட்டிய பேரரத்தைத் துண்டு ஒன்று. கருப்பட்டியை இரண்டு கரண்டி தண்ணீரில் கரைத்து, மண் போக வடிகட்டிய பிறகே சாஸில் சேர்க்க வேண்டும். சிறுதீயில் கால் மணி நேரம் வைத்து, கரண்டியில் ஒட்டும்போது இறக்கினால் போதும். ஆறும்போது இன்னும் இறுகும். நாட்டுச் சர்க்கரையில் செய்தால் இனிக்கும். கருப்பட்டியில் செய்தால் மணக்கும்.

குச்சி பெரும் பிரச்சினை. இந்தோனேசியாவில் மூங்கில் குச்சியும் தென்னை ஈர்க்கும் இதற்கு உண்டு. ஊட்டியின் 2,240 மீட்டர் உயரத்தில் தென்னை இல்லை. மூங்கில் கூடலூர்ப் பக்கம் உண்டு. ஆனால் அது வனத்துறைக்கும் யானைக்கும் உரியது, இருவரிடமும் ஆய்வாளர்கள் அனுமதி கேட்பதில்லை. மலையில் எளிதாகக் கிடைக்கும் ஒரே ஈர்க்கு, மேட்டுப்பாளையத்திலிருந்து கட்டுக்கட்டாக வரும் தென்னந்துடைப்பத்தில்தான் இருக்கிறது. புதுத் துடைப்பம், அரை மணி நேரம் தண்ணீரில் ஊறியது, அறிவியல் முறைப்படி குற்றமற்றது. என்றாலும் துடைப்பத்தை உருவிக் கோழியில் குத்தும் காட்சியை வீட்டுப் பெரியவர்கள் பார்க்க நேர்ந்தால், ஆய்வு அந்த இடத்திலேயே முடிவுக்கு வரும்.

அடுத்தது தீ. ஊட்டியில் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடுவதால் பருப்பு வேகாமல் அடம்பிடிக்கும்; குக்கர் இல்லாத வீடு தவிக்கும். வேகவைக்கும் சமையலுக்கு இந்த மலை எதிரி. கங்குக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. அது கொதிநிலையைக் கேட்டுக்கொண்டு எரிவதில்லை. கருதுகோள் இரண்டின் அடித்தளம் இதுதான். ஒரு குறை உண்டு: காற்றழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் முக்கால் பங்குதான். மெரினாவில் மூன்று முறை விசிறினால் போதும் என்றால் ஊட்டியில் நான்கு முறை. இதை எந்தச் சூத்திரமும் இல்லாமல் கண்டறிந்தவர்கள் ஏரிக்கரையில் மக்காச்சோளம் சுடுகிறவர்கள். அட்டையை வைத்து அவர்கள் விசிறும் வேகத்தை மதுராத் தீவின் வண்டிக்காரரும் மதிப்பார்.

விறகைப் பற்றி ஒரு எச்சரிக்கை. கற்பூர மரத்தின் (யூகலிப்டஸ்) பச்சை விறகில் சுட்டால் கோழி, சளிக்குத் தேய்க்கும் தைலத்தின் மணத்தோடு தட்டுக்கு வரும். கவாத்து வெட்டிய தேயிலைக் குச்சி எஸ்டேட் லயங்களில் அடுப்பெரிக்க உதவுகிறது. ஆனால் சத்தேவுக்குச் சுவாலை ஆகாது, கங்கு வேண்டும். சீகை மரக் கரி நல்லது. பாகை முதலிலேயே கெட்டியாகத் தடவினால் சர்க்கரை கருகும். கறி முக்கால் வெந்த பிறகு இரண்டு மூன்று முறை தடவித் திருப்ப வேண்டும்.

ஊறவைக்கும் நேரம் குறித்து ஒரு துணை ஆய்வு. மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்கு மலை ரயில் 46 கிலோமீட்டரைக் கடக்க ஏறக்குறைய ஐந்து மணி நேரம் எடுக்கிறது. சின்ன வெங்காயம், பூண்டு, மல்லி, எலுமிச்சை அரைத்துத் தொடைக்கறியில் பிசைந்து, இரண்டு கரண்டி பாகு ஊற்றி, மூடிய தூக்குவாளியில் ஐஸ் பொதிந்து அடிவாரத்தில் ஏறினால், உதகை நிலையத்தில் பக்குவமாக இறங்கும். யுனெஸ்கோ 2005இல் இந்த ரயிலை உலகப் பாரம்பரியச் சின்னமாக்கியபோது இந்தப் பயன்பாட்டைக் கவனித்ததாகத் தெரியவில்லை.

தொட்டுக்கொள்ள வேர்க்கடலைச் சட்னி செய்யலாம். அதைவிட எளிது, அதே பாகில் சின்ன வெங்காயமும் காந்தாரி மிளகாயும் நறுக்கிப் போட்டு எலுமிச்சை பிழிவது. ஊட்டி வர்க்கியோடு சாப்பிட்டுப் பார்க்கும் யோசனை தேநீர் நேரத்துக்கு ஒத்திவைக்கப்படுகிறது.

தீர்ப்பு: கருதுகோள் இரண்டு ஏற்கப்பட்டது, முதலாவது நிலுவையில். இதைச் சோதிக்க வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். இ-பாஸ் எடுத்துக்கொள்ளுங்கள். பிளாஸ்டிக் தட்டும் கப்பும் தண்ணீர் பாட்டிலும் மலையில் தடை. அடிவாரத்தில் வாழையிலை வாங்கிக்கொள்ளுங்கள், சாஸைக் கண்ணாடி பாட்டிலில் கொண்டுவாருங்கள். காட்டோரத்தில் மட்டும் அடுப்பு மூட்ட வேண்டாம்.