மூன்று அடியில் ஒரு மலை

கேள்வி: மூன்றே அடி ஹைக்கூ இத்தனை காலமாக அலுக்காமல் நிற்பது எப்படி?
– வாசகி, திருவண்ணாமலை

பதில்: உங்கள் ஊரே சொல்லுமே! கிரிவலப் பாதை 14 கிலோமீட்டர். மலை ஒன்றுதான், ஆனாலும் திருப்பத்துக்குத் திருப்பம் வேறு முகம். ஹைக்கூவும் ஒரு காட்சியைக் காட்டிவிட்டு விலகிக்கொள்ளும்; மிச்ச தூரத்தை நாம்தான் நடக்க வேண்டும்.

தமிழில் ஹைக்கூ நடந்த பாதையையும் பாருங்கள்: 1916-இல் சுதேசமித்திரன் இதழில் ஜப்பானியக் கவிதை பற்றி எழுதினார் பாரதி. 1984-இல் அமுதபாரதியின் 'புள்ளிப் பூக்கள்' ஹைக்கூ தொகுப்பு வந்தது. பிறகு கவிஞர் ஈரோடு தமிழன்பன் சென்ரியு, லிமரைக்கூ என்ற குறுங்கவிதை வடிவங்களாகக் கிளை விரித்தார். ஜப்பானியரின் 5-7-5 அசைக் கணக்கு தமிழில் ஒட்டவில்லை. எனக்கு அதில் வருத்தமில்லை. ஆனால், ஒரு வாக்கியத்தை மூன்றாக உடைத்தால் ஹைக்கூ ஆகிவிடாது!

உங்கள் மாவட்டத்து வந்தவாசிக் கவிஞர் மு.முருகேஷின் ஹைக்கூ நூல்களைத் தேடிப் படியுங்கள்.