முதல் காட்சிக்காரர்

முதல் நாள் முதல் காட்சிக்குப் போகிறவர், படம் பார்க்கப் போவதாகத்தான் வீட்டில் சொல்லிவிட்டுப் போகிறார். வீட்டாரும் நம்புகிறார்கள். தியேட்டருக்குள் அவர் செய்வதைக் கவனித்தால் அந்த வாக்குமூலம் நிற்காது. நாயகன் பெயர் எழுத்தெழுத்தாகத் திரையில் விழும்போது இவர் சீட்டின் மேல் நிற்கிறார். நாயகன் முகம் தெரிகிற கணத்தில் கிழித்த காகிதத்தை வாரி இறைத்துவிட்டு, பின்வரிசை எப்படிக் கொந்தளிக்கிறது என்று பார்க்கத் திரைக்கு முதுகைக் காட்டித் திரும்புகிறார். முதல் வசனம் என்ன என்று கேட்டால் தெரியாது. விசில் எத்தனை நேரம் ஓயவில்லை என்பதைத் துல்லியமாகச் சொல்வார். இவருக்கு வேண்டியது படமல்ல, படத்தைச் சாக்கிட்டுக் கூடுகிற ஜனம் என்பது என் கட்சி.

நடிகர் மேலுள்ள வெறி, வேறென்ன என்பார்கள். அது மட்டும்தான் என்றால் இரண்டாம் வாரம் போகலாமே! முகத்தை நிம்மதியாகப் பார்க்கலாம், வசனம் கேட்கும், டிக்கெட்டுக்கு யார் காலிலும் விழ வேண்டாம். 2023 அக்டோபரில் விஜய் நடித்த ‘லியோ’ வந்தபோது தமிழ்நாட்டில் முதல் காட்சி காலை 9 மணிக்கு. கேரளத்தில் 4 மணிக்கே படம். கோவைப் பக்கத்து ஆட்கள் தூக்கத்தைத் தொலைத்துப் பாலக்காட்டுக்கு வண்டி கட்டினார்கள். ஐந்து மணி நேரத்தில் விஜய்யின் முகம் மாறிவிடப் போவதில்லை. கதை முன்கூட்டியே தெரிந்துவிடுமே என்பது அடுத்த வாதம். இது கொஞ்சம் கனமானதுதான். செல்போனைத் திறந்தாலே இடைவேளைத் திருப்பம் எதிரே வந்து நிற்கிற காலம். ஆனால் 2004இல் வந்த ‘கில்லி’ 2024 ஏப்ரலில் மறுபடி தியேட்டருக்கு வந்ததே, அதில் என்ன ரகசியம் பாக்கி இருந்தது? டிவியில் பார்த்துப் பார்த்து, பிரகாஷ்ராஜ் வாயைத் திறக்குமுன் வசனத்தைச் சொல்லிவிடக்கூடிய கூட்டம், காசு கொடுத்துப் போய் அதையே கோரஸாகச் சொல்லிவிட்டு வந்தது. பாட்டுக்குத் திரைமுன் ஓடிப்போய் ஆடியது. அதே ஆட்டத்தை வீட்டுக் கூடத்தில் தனியாக ஆடியிருந்தால் வேப்பிலை அடித்திருப்பார்கள்.

செல்போனைத் தூக்கிப் பிடித்து ஸ்டேட்டஸ் போடுகிறாரே, அது பீற்றல் இல்லையா? பீற்றல்தான், மறுப்பதற்கில்லை. ஆனால் அந்த வீடியோவில் நாயகன் வெறும் வெள்ளைத் திட்டு. தெளிவாகத் தெரிவதெல்லாம் ஆடுகிற தலைகளும் காதைக் கிழிக்கும் கூச்சலும்தான். அவர் பீற்றிக்கொள்வதே கூட்டத்தில் ஒருவராக இருந்ததைத்தான். பிறகு படம் ஓடிடிக்கு வரும்போது, பக்கத்தில் விசிலடிக்க ஆளில்லாமல், சோபாவில் உட்கார்ந்து மறுபடி பார்க்கிறார். அப்போதுதான் கதை முதன்முறையாக முழுசாகக் காதில் விழுகிறது. அது அவருக்கு அவ்வளவாகப் பிடிப்பதில்லை.