இல்லற மகரம்: ஓர் ஒலியியல் ஆய்வு

மெய்யெழுத்துக்கு அரை மாத்திரை என்கிறது தொல்காப்பியம். மாத்திரை என்றால் கண் இமைக்கும் நேரம். ஆக, ‘ம்’ என்பதற்கு அரை இமைப்பு. கல்யாணமாகாதவர்கள் இதை நம்பலாம்.

இந்த ஆய்வாளர் தன் வீட்டுக் கூடத்திலேயே களப்பணி செய்து வருகிறார். செய்தித்தாள் படிக்கும் கணவன் வாயிலிருந்து வரும் ‘ம்’ அரை மாத்திரைகூடத் தேறாது. இதற்கு மகரக்குறுக்கம் என்று பெயர்; ‘போன்ம்’ என்ற சொல்லில் வருவதுபோல் கால் மாத்திரையாகச் சுருங்கிவிடும். ணகர, னகர ஒற்றுகளுக்குப் பின்னாலும் வகரத்துக்கு முன்னாலும் மகரம் குறுகும் என்பது இலக்கணம். செய்தித்தாளுக்குப் பின்னாலும் குறுகும் என்பது இவ்வாய்வின் பங்களிப்பு.

சான்று: காலை 7.40. சமையலறையிலிருந்து ஒரு குரல்.

“ஏங்க, நான் குளிக்கப் போறேன். மூணு விசில் வந்ததும் அடுப்பை அணைச்சிடுங்க.”

“ம்.”

ஆறாவது விசிலில் குளியலறைக் கதவு திறந்தது. பருப்பு அதற்குள் ரசத்துக்குத்தான் ஆகும் என்ற பதத்துக்கு வந்திருந்தது.

“ம்னு சொன்னீங்களே?”

“சொன்னேனே.”

இருவருமே உண்மை பேசுகிறார்கள் என்பதுதான் சிக்கல். அவனுடைய ‘ம்’முக்கு, குரல் காதில் விழுந்தது என்று பொருள். அவளுக்கு அது பத்திரப்பதிவு.

மனைவியின் மகரம் வேறு இனம். ‘ம்ம்’ என்று நீளும். அளபெடுக்கும் மெய்களில் மகரத்தையும் நன்னூல் சேர்த்திருக்கிறது. ஆனால் செய்யுளில் ஓசை குறைந்தால்தான் மெய் அளபெடுக்கும். வீட்டில் அளபெடுத்த பிறகுதான் ஓசை குறைகிறது. சாயங்காலம் வரை பாத்திரங்கள் மட்டுமே பேசும்.

வள்ளுவர் இதற்கென்றே புலவி நுணுக்கம் என்று ஓர் அதிகாரம் வைத்தார். அதில் கணவன் தும்மினாலும் சண்டை, தும்மலை அடக்கினாலும் சண்டை. ‘ம்’மை மட்டும் விட்டுவிட்டார். அவர் காலத்தில் செய்தித்தாள் இல்லை.

ஒரு வகை மட்டும் வகைப்பாட்டுக்கு அடங்கவில்லை. அது விளக்கணைத்த பிறகு வருவது.

“தூங்கிட்டியா?”

“ம்.”

தூங்கியவர் பதில் சொல்ல முடியாது. தர்க்கப்படி இது பச்சைப் பொய். ஆனாலும் இத்தனை வருஷத்தில் ஒருநாள்கூட ஆய்வாளர் இதை மறுத்ததில்லை.

“காலைல விசில் எண்ணாதது தப்புதான்.”

இருட்டில் இன்னொரு ‘ம்’ வந்தது. எத்தனை மாத்திரை என்று அளப்பதற்குள் ஆய்வாளர் தூங்கிவிட்டார்.